ஆட்டத் திடலும் ஊர் வரலாறும்

கோத்தா திங்கியின் வரலாறு என்றவுடன் பள்ளி மாணவர்க்கு நினைவுக்கு வருவது 1699ஆம் ஆண்டு. பல்லக்கில் சுமந்து செல்லப்பட்ட நிலையில் சுல்தான் மாமூட் குத்திக் கொல்லப்பட்ட செய்தி பாடநூலில் இடம் பெற்றிருக்கிறது. கம்போங் மாக்காமில் அவருடைய அடக்கத்தலமும் இருக்கிறது. ஜொகூர் ஆற்றின் கரையில் அரசர்கள் இருந்து ஆண்ட காலம் அது. அதன்பின் இருநூறு ஆண்டுகளுக்கு மேல் கழித்து, அதே ஆற்றின் இரு மருங்கிலும் காடு திருத்தி ரப்பர் நட்டவர்களின் வரலாறு எந்த ஏட்டில் இருக்கிறது? அவர்கள் கட்டிய கோயிலின் குடமுழுக்கு மலரில் சிறிது இருக்கலாம். தமிழ்ப்பள்ளியின் ஆண்டு மலரில் சிறிது இருக்கலாம். மாலை தோறும் அவர்கள் கூடி ஆடிய ஆட்டங்களின் வரலாறோ அந்தச் சிறிதிலும் சிறிது.

மலேசியத் தமிழரின் விழா மலர் என்பது தனியொரு எழுத்து வகை. நம் திறனாய்வாளர்கள் சிறுகதையையும் புதுக்கவிதையையும் ஆராய்ந்த அளவிற்கு அதை ஆராய்ந்ததில்லை. எனினும் தோட்டத்திலும் சிற்றூரிலும் வாழ்ந்த எளிய மக்கள் தங்களைப் பற்றித் தாங்களே அச்சிட்டுக்கொண்ட எழுத்து பெரும்பாலும் அதுவே. அதன் அமைப்பு அனைவரும் அறிந்தது. முதற் பக்கங்களில் அமைச்சர், சட்டமன்ற உறுப்பினர், கட்சிக் கிளைத் தலைவர் ஆகியோரின் வாழ்த்துரைகள். பிறகு தலைவர் உரை, செயலாளர் அறிக்கை, செயலவையினரின் நிழற்படம், நன்கொடையாளர் பட்டியல். கடைசியில் நகைக்கடை, மளிகைக்கடை விளம்பரங்கள். நடுவில் 'கழக வரலாறு' என்ற தலைப்பில் இரண்டு பக்கம் இருக்கும். அதைப் படித்தால், இன்ன ஆண்டில் இன்னார் தலைமையில் கழகம் தொடங்கிற்று, இன்னார் காலத்தில் வளர்ந்தது, இன்னாருக்கு நன்றி என்பதோடு செய்தி முடியும். பந்தை உதைத்தவன் யார்? எந்தத் திடலில் உதைத்தான்? அவன் காலில் காலணி இருந்ததா? இவற்றுக்கு அங்கே விடை கிடைக்காது. வாழ்த்துரைகளை நீக்கிவிட்டால் மலரில் எஞ்சுவது கைப்பிடி அளவுதான் என்று சொன்னால், அம்மலர்களைத் தொகுத்தோர் சினம் கொள்ளமாட்டார்கள். அவர்களுக்கே அது தெரியும்.

இந்தக் குறை மலர்க்குழுவினரின் சோம்பலால் மட்டும் வந்ததா? அன்று. அதற்கு ஆழமான காரணம் ஒன்று உண்டு. அதைத் தெளிவாகக் காண, இத்தகைய எழுத்தை நன்கு வளர்த்தெடுத்த மக்கள் கூட்டம் ஒன்றோடு ஒப்பிட்டுப் பார்ப்பது பயன்தரும். அயர்லாந்து நாட்டின் சிற்றூர்கள் தங்கள் ஹர்லிங் கழகங்களைப் பற்றி எழுதி வெளியிட்டிருக்கும் வரலாற்று நூல்கள் அத்தகையவை.

ஹர்லிங் அயர்லாந்தின் பழைய ஆட்டம். ஆஷ் மரத்தில் செதுக்கிய, அடி அகன்ற மட்டையால் சிறு தோற்பந்தை அடித்தும் ஏந்தியும் ஆடுவது. குறுக்குக் கம்பிக்குக் கீழே வலைக்குள் பந்து புகுந்தால் மூன்று புள்ளி. கம்பிக்கு மேலே கம்பங்களுக்கு இடையே பறந்தால் ஒரு புள்ளி. இன்று அணிக்குப் பதினைவர். முன்பு இருபத்தொருவர் ஆடினர். நாட்டுத் திடலில் எண்பதாயிரம் பேர் பார்க்க ஆடும் வீரனுக்கும் ஆட்டக்கூலி கிடையாது; அவன் மறுநாள் ஆசிரியனாகவோ உழவனாகவோ தச்சனாகவோ தன் வேலைக்குத் திரும்புகிறான்.

இந்த ஆட்டத்தை ஒழுங்குபடுத்திய கேலிக் விளையாட்டுச் சங்கம் 1884 நவம்பர் முதல் நாள், தர்ல்ஸ் என்னும் சிறுநகரில் ஒரு விடுதி அறையில் தொடங்கியது. தொடங்கியவர்களுள் முதன்மையானவர் மைக்கேல் கூசாக் என்ற பள்ளி ஆசிரியர். ஆங்கிலேயர் ஆட்சியில் தம் மக்கள் தங்கள் ஆட்டத்தையும் மொழியையும் ஒருசேர இழந்துவருவதைக் கண்டு வருந்தியவர் அவர். இவ்விடத்தில் தமிழாசிரியர் சிலர் நிமிர்ந்து உட்காரக்கூடும். ஆனால் அதே கூசாக், பிறரோடு ஒத்துப்போக இயலாத குணத்தால் இரண்டு ஆண்டுகளுக்குள், 1886இல், செயலாளர் பொறுப்பினின்று நீக்கப்பட்டார். 1922இல் வெளிவந்த 'யுலிசிஸ்' நாவலில் ஜேம்ஸ் ஜாய்ஸ் படைத்த, மதுக்கடையில் அமர்ந்து முழங்கும் குறுகிய நாட்டுப்பற்றாளனுக்கு முன்மாதிரி கூசாக்கே என்பது ஆய்வாளர் கருத்து. இயக்கத்தை நிறுவியவரையும் அந்நாட்டு இலக்கியம் கேள்வி கேட்காமல் விடவில்லை.

சங்கம் தன் அடித்தளமாகக் கொண்டது பங்கினை. அதாவது கத்தோலிக்கர் ஒரு கோயிலைச் சுற்றி வகுத்துக்கொண்ட வட்டாரத்தை. ஒருவன் பிறந்து வளர்ந்த பங்கின் கழகத்திற்கே ஆடவேண்டும் என்பது பல மாவட்டங்களில் கட்டுப்பாடாக இருந்துவருகிறது. நல்ல ஆட்டக்காரனை விலை கொடுத்து வாங்க முடியாது. ஆகவே கழகத்தின் வரலாறு ஊரின் குடும்பங்களுடைய வரலாறாகவே அமைந்துவிடுகிறது. தாத்தன், தந்தை, மகன் என்று ஒரே பெயர் மூன்று தலைமுறை ஆட்டப் பட்டியலில் வருகிறது. சங்கத்தின் நூற்றாண்டு விழா 1984இல் நடந்தபோது, கழகங்கள் பல தங்கள் வரலாற்றை நூலாக்கின. ஊர்ப் பள்ளி ஆசிரியரோ ஓய்வுபெற்ற அலுவலரோ எழுதியவை அவற்றுள் பல. நடை சில இடங்களில் தளரும். புகழ்ச்சி சில இடங்களில் மிகும். ஆனால் தோற்ற ஆட்டத்தையும் அவை விடாமல் குறிக்கும். மழையில் நின்றுபோன ஆட்டம், நடுவரோடு நடந்த வாய்ச்சண்டை, ஊரே இரண்டாகப் பிரிந்த பூசல் எல்லாம் அவற்றில் உண்டு.

பிர் என்னும் ஊரை எடுத்துக்கொள்வோம். ஆஃபலி மாவட்டத்தில் ஏறத்தாழ ஐயாயிரம் பேர் வாழும் சிறுநகரம். ஆங்கிலேயர் காலத்தில் அதற்குப் பார்சன்ஸ்டவுன் என்று பெயர். நிலக்கிழாரின் குடும்பப் பெயரால் வந்தது. 1887ஆம் ஆண்டிற்குரிய முதல் அனைத்து அயர்லாந்து ஹர்லிங் இறுதியாட்டம் 1888 ஏப்ரல் முதல் நாள் இவ்வூரில்தான் நடந்தது. தர்ல்ஸ் அணி மீலிக் அணியை வென்றது. அப்போதும் பூசல் இல்லாமலில்லை. தர்ல்ஸ் அணியின் தலைவரும் சில ஆட்டக்காரர்களும் மனத்தாங்கலால் பயணம் வர மறுக்க, வேறொருவர் தலைமையில் அணி புறப்பட்டது. நாடு போற்றும் முதல் வெற்றி, பாதி அணி கோபித்துக்கொண்டு வீட்டில் இருந்த நிலையில் கிடைத்த வெற்றி! நம் மலர்களாயின் இச்செய்தியை ஒற்றுமைக்கு ஊறு என்று வெட்டியிருப்பார்கள்.

ஆட்டம் நடந்தது பிர் நகரில், ஆடியவர்கள் வெளியூரார். அவ்வூர்க் கழகம் நாட்டின் கழகக் கோப்பையை வெல்ல நூறாண்டுக்கு மேல் காத்திருக்க வேண்டியதாயிற்று. 1995, 1998, 2002, 2003 என நான்கு முறை அது வென்றது. அவ்வூரின் பிரையன் வீலகன், 2000ஆம் ஆண்டில் அறிவிக்கப்பட்ட ஆயிரமாண்டின் சிறந்த அணியில் இடம் பெற்றார். அப்பொழுதும் ஆடிக்கொண்டிருந்தவர்களில் அவர் ஒருவரே அதில் இடம் பெற்றவர். 1998இல் மற்றொரு நிகழ்ச்சி. அரையிறுதி ஆட்டத்தை நடுவர் தவறுதலாக இரண்டு நிமிடம் முன்னதாகவே முடித்துவிட்டார். அப்போது ஆஃபலி மூன்று புள்ளி பின்தங்கியிருந்தது. அதன் ஆதரவாளர்கள் டப்ளின் நகரத் திடலுள் இறங்கித் தரையில் அமர்ந்துவிட்டனர். எழ மறுத்தனர். ஆட்டம் மீண்டும் நடத்தப்பட்டது. ஆஃபலி வென்று, அவ்வாண்டின் கோப்பையையும் கைப்பற்றியது. இதை எழுதுவதற்குப் பெரிய எழுத்தாளன் வேண்டியதில்லை. நடந்ததை நடந்தபடி எழுதுவோன் போதும்.

அயர்லாந்துக் கழக வரலாறுகளை வியந்து பாராட்டி நிறுத்திவிடுவது திறனாய்வாகாது. அவற்றுக்கும் மௌனங்கள் உண்டு. பிர் நகருக்கு அருகில் கிரிங்கில் என்னுமிடத்தில் பெரிய படைமுகாம் இருந்தது. ஆங்கிலப் படையில் சேர்ந்து கூலி பெற்ற அயர்லாந்து இளைஞர்களின் படைப்பிரிவு அங்கே தங்கியிருந்தது. 1922இல் அப்பிரிவு கலைக்கப்பட்டது. முகாமும் அவ்வாண்டிலேயே எரிந்தது. படைக்குப் போனவனும் அவ்வூர்ப் பிள்ளைதான். ஆனால் ஆங்கிலேயரின் ஆட்டங்களாகிய கிரிக்கெட், கால்பந்து, ரக்பி ஆகியவற்றை ஆடுவோரையும், பார்க்கப் போவோரையுங்கூடச் சங்கம் விலக்கிவைத்தது. 1938இல் நாட்டின் முதல் குடியரசுத் தலைவர் டக்ளஸ் ஹைட் ஒரு கால்பந்தாட்டத்தைக் கண்டார் என்பதற்காகச் சங்கப் புரவலர் பட்டியலினின்று நீக்கப்பட்டார். அந்த ஹைட் யார்? அயர்லாந்து மொழியைக் காக்க 1893இல் கேலிக் மொழிக் கழகத்தை நிறுவியவர்! தன் மொழிக்காக வாழ்ந்தவரையே மொழிப்பற்றின் பெயரால் விலக்கிய முரண் இது. அத்தடை 1971இல்தான் நீங்கியது. தடையினால் ஒதுக்கப்பட்ட ஊர்ப் பிள்ளைகளின் பெயர்களைக் கழக நூல்களில் தேடித்தான் காணவேண்டும். பெண்கள் ஆடும் ஹர்லிங் வடிவம் 1904இலேயே அமைப்புப் பெற்றது. ஆயினும் ஆண்களின் நூலில் பெண்கள் வெகுகாலம் தேநீர் தந்தவர்களாகவே வந்து போயினர்.

இனிக் கோத்தா திங்கிக்குத் திரும்பலாம். ரப்பர்த் தோட்டத்தின் வேலை முறையே ஆட்டத்திற்கு இடம் வகுத்தது. குளிர்ந்த வேளையில்தான் பால் நன்றாக வடியும். ஆகவே இருள் பிரியுமுன் பிரட்டு. விடியலில் மரம் வெட்டு. வெயில் ஏறியபின் பால் எடுத்துக் கொட்டகையில் நிறுத்தால் பெரும்பாலோர்க்கு வேலை முடிந்தது. பிற்பகலும் மாலையும் கையில் இருந்தன. லயத்துக்கும் அலுவலகத்துக்கும் இடையில் ஒரு திடல் இருந்தது. அங்கே பந்து உருண்டது, சடுகுடு நடந்தது, கைப்பந்து வலை கட்டப்பட்டது, திருவிழாக் காலங்களில் சிலம்பம் சுழன்றது. பக்கத்துத் தோட்டத்தோடு ஞாயிற்றுக்கிழமைப் பந்தயம் என்றால் லாரியில் ஏறி ஆணும் பெண்ணும் குழந்தையுமாகப் போனார்கள். அமைப்புகளுக்குப் பாரதி, வள்ளுவர், நேதாஜி என்று பெயர் வைத்துக்கொண்டார்கள். அயர்லாந்துக் கழகங்கள் சார்ஸ்ஃபீல்ட், எமெட் போன்ற போராளிகளின் பெயரையும் தத்தம் ஊர்ப் புனிதரின் பெயரையும் சூட்டிக்கொண்டது போலத்தான் இதுவும். தன் மண்ணில்லாத இடத்தில் பெயரையாவது தன்னதாக வைத்துக்கொள்ளும் வேட்கை அது.

வேறுபாடு எங்கே தொடங்குகிறது? திடலில் தொடங்குகிறது. அயர்லாந்துக் கழகங்களும் முதலில் யாரோ ஒருவரின் மேய்ச்சல் நிலத்தில் இரவல் வாங்கி ஆடியவைதாம். பிறகு சிறுகச் சிறுகப் பணம் திரட்டி நிலம் வாங்கி, பொறுப்பாளர் பெயரில் பதிந்து, சுற்றுச்சுவர் எழுப்பிக்கொண்டார்கள். பிர் கழகத்திற்குப் புனித பிரெண்டன் பெயரால் திடல் இருக்கிறது. ஆட்டக்காரன் இறந்தாலும் புலம்பெயர்ந்தாலும் திடல் அங்கேயே நிற்கிறது. 1950களில் அயர்லாந்திலிருந்து ஏறத்தாழ நான்கு லட்சம் பேர் பிழைப்பு நாடி வெளியேறினர். அணிக்குப் பதினைந்து பேர் சேராத ஊர்கள் இருந்தன. அவை அண்டை ஊரோடு இணைந்து உயிர் பிழைத்தன. கில்கெனி மாவட்டத்துப் பாலிஹேல் என்னும் சிற்றூர் அக்கம்பக்கத்து இரு சிற்றூர்களோடு சேர்ந்து 1972இல் ஒரே கழகமாயிற்று. நாட்டின் கழகக் கோப்பையை அதிகமுறை வென்றது அதுவே.

தோட்டத் திடல் யாருடையது? தோட்ட நிறுவனத்தினுடையது. பந்தும் வலையும் பல இடங்களில் தொரையின் கொடை. கழகத்துக்குத் தலைவர் பெரும்பாலும் பெரிய கிராணி. தொழிலாளிக்குக் குடியிருந்த வீடும் சொந்தமில்லை, ஆடிய நிலமும் சொந்தமில்லை. விடுதலையையொட்டி ஐம்பதுகளின் பிற்பகுதியிலும் அறுபதுகளிலும் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது, நிலத்தோடு லயமும் கோயிலும் பள்ளியும் திடலும் விலைபேசப்பட்டன. தொழிலாளர் பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்துத் தோட்டம் வாங்கும் நோக்கத்தோடு 1960இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். அயர்லாந்து உழவர் திடல் வாங்கிய முறைக்கு நம்மிடையே நிகரான முயற்சி அதுவே. ஆனால் எல்லாத் தோட்டத்தையும் அது எட்டவில்லை. ஜொகூரின் தென்கிழக்கில் 1972இல் கெஜோரா மேம்பாட்டு வாரியம் அமைந்து, காடுகள் செம்பனையாயின. பழைய ரப்பர்த் தோட்டங்களிலும் செம்பனை ஏறியது. பிள்ளைகள் பாசிர் கூடாங், மாசாய், ஸ்கூடாய், சிங்கப்பூர் என்று தொழிற்சாலைகளை நாடிப் போனார்கள். கழகம் கலைக்கப்பட்டது என்று எவரும் தீர்மானம் நிறைவேற்றவில்லை. ஒரு மாலை பந்து உருளவில்லை, அவ்வளவுதான்.

ஆகவேதான் நம் மலர்களில் கழக வரலாறு இரண்டு பக்கத்தோடு நின்றுபோகிறது. நிலப்பத்திரம் இல்லை, தொடர்ந்து எழுதப்பட்ட கூட்டக்குறிப்பேடு இல்லை, ஏட்டைப் பாதுகாத்து வைக்கும் அலமாரியும் இல்லை. இருந்த சிலவற்றுக்கும் நேர்ந்தது என்ன? 2006 டிசம்பரிலும் மறுமாதமான 2007 சனவரியிலும் கோத்தா திங்கி நகரம் இருமுறை வெள்ளத்தில் மூழ்கியது. வீட்டுப் பெட்டிகளில் இருந்த நிழற்படமும் நற்சான்றிதழும் அந்தச் சேற்றுநீரில் தப்பியிருக்கும் என்று எண்ண வழியில்லை. 1924இல் தொடங்கிய தமிழ் நேசன் நாளிதழ் 2019 சனவரியோடு நின்றுவிட்டது. தோட்டத்துச் செய்திகளை மூலையில் நாலு வரியாகவேனும் அச்சிட்ட அதன் பழைய இதழ்களைப் புரட்டுவோர் இன்று மிகச் சிலரே.

படைப்பிலக்கியம் இக்குறையை நிரப்பிற்றா என்றால், முழுமையாக இல்லை. அகிலனின் 'பால்மரக் காட்டினிலே' 1977இல் வெளிவந்து, தோட்டத் துண்டாடலின் துயரைத் தமிழ்நாட்டு வாசகரும் அறியச் செய்தது. நம் எழுத்தாளர்களும் லயத்தின் வறுமையையும் கள்ளுக்கடையின் கேட்டையும் தண்டலின் கொடுமையையும் பலபடப் பாடியுள்ளனர். இவை எழுதத்தக்கவையே. ஆனால் தோட்டத் தமிழன் கதைகளில் பெரும்பாலும் அழுகிறான், அல்லது குடிக்கிறான், அல்லது எதிர்த்து நிற்கிறான். அவன் ஆடுவது அரிது. காலையில் எட்டணாக் கூலிக்குக் கைகட்டி நின்றவன் மாலையில் அதே திடலில் கிராணியின் மகனை ஏய்த்துப் பந்தைக் கொண்டு போகும்போது அடைந்த பெருமிதம் நம் புனைகதையில் போதிய இடம் பெறவில்லை. துயரத்தை மட்டும் எழுதினால் அம்மக்களின் வாழ்வில் பாதியை விட்டவர்களாவோம்.

எழுதப் புகுவோர் அயர்லாந்து நூல்களின் நேர்மையைக் கொள்ளவேண்டும். அவற்றின் மௌனங்களைக் கொள்ளலாகாது. நம் திடலிலும் எல்லாரும் ஒன்றாக நின்றார்கள் என்று எழுதிவிடுவது எளிது. லயத்தில் சாதி இருந்தது. கோயில் திருவிழாவில் இருந்தது. ஆட்டத்தில் மட்டும் இல்லாமற் போயிற்றா? அணியில் சேர்க்கப்படாதவன் யார்? சேர்க்கப்பட்டவனுக்குத் தண்ணீர் எந்தக் குவளையில் தரப்பட்டது? பள்ளி ஓட்டப்பந்தயத்தில் முதலாக வந்த பெண்பிள்ளை பன்னிரண்டாம் வயதில் பால்வாளியைத் தூக்கியபின் மீண்டும் ஓடினாளா? மலாய்க்காரரும் சீனரும் ஆடிய நகரத்து அணிகளில் தோட்டத்துப் பையன் இடம்பெற்றபோது அவனை என்ன பெயரிட்டு அழைத்தார்கள்? இவற்றைக் கேட்காமல் எழுதப்படும் வரலாறு, வாழ்த்துரை இல்லாத மலராக இருக்குமேயன்றி வேறாகாது.

இதற்கான ஏடு தாளில் இல்லை, ஆட்களிடம் இருக்கிறது. துண்டாடலுக்குச் சற்று முன்னே இளைஞராக ஆடியவர்கள் இன்று எண்பதைக் கடந்தவர்கள். கோத்தா திங்கியில் ஜாலான் தாஜூல் தமிழ்ப்பள்ளிக்குப் பேரப்பிள்ளைகளை அழைத்துவரும் முதியோரிடையேயும் அத்தகையோர் இருக்கக்கூடும். அயர்லாந்து நூல்களை எழுதியவர்கள் ஊர்ப் பள்ளி ஆசிரியர்கள் என்பதை இங்கே மறக்கவேண்டாம். வாய்மொழியில் பிழை நேரும். ஆண்டு மாறும், மூன்று கோல் ஐந்தாகும், தோல்வி சமநிலையாகும். ஒருவர் சொன்னதை எதிரணியில் ஆடியவரிடம் கேட்டுச் சரிபார்த்தால் பிழை பாதி குறையும். மீதிப் பாதியும் பயனற்றதன்று. எதை அவர்கள் மாற்றி நினைக்கிறார்கள் என்பதும் வரலாற்றுச் செய்திதான்.

அயர்லாந்துக்காரர் கோலாலம்பூரிலும் தங்கள் ஆட்டத்துக்கு ஒரு கழகம் வைத்திருக்கின்றனர். அதன் பெயர் ஓராங் ஏய்ரே. மலாய்ச் சொல்லும் அயர்லாந்துச் சொல்லும் சேர்ந்தது. வந்தேறிய ஊரின் மொழியில் பாதியும் தாய்மொழியில் பாதியுமாகத் தம்மை அழைத்துக்கொள்கிறார்கள். நம்மவரிடமும் அண்மைக் காலத்தில் முன்னாள் தோட்ட மக்களின் ஒன்றுகூடல்கள் நடைபெறுகின்றன. தோட்டம் இல்லை, லயம் இல்லை. ஏதோவொரு நகர மண்டபத்தை வாடகைக்கு எடுத்துக் கூடுகிறார்கள். அங்கே யாரேனும் ஒருவர் தப்பிப் பிழைத்த அணிப் படம் ஒன்றைக் கொண்டுவந்து மேசையில் வைப்பார். பதினொருவர்; பின்வரிசை நிற்க, முன்வரிசை மண்டியிட்டிருக்கும்; நடுவில் பந்து. பின்புறம் பெயர் எழுதப்பட்டிராது. முதியவர் ஒருவர் விரல்வைத்து, இவன் கோல் காவல், இவன் பிரட்டுக்கு எப்போதும் பிந்தி வருபவன், இவன் போன ஆண்டு மாசாயில் தவறிவிட்டான் என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டே வருவார். முன்வரிசையில் இடக்கோடியில் இருப்பவனிடம் வந்ததும் விரல் நிற்கும். பக்கத்தில் உள்ளவரைக் கூப்பிட்டுக் கேட்பார். அவரும் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு குனிவார்.